பூஜ்ஜியம் இரண்டான இரவு: 1980 ஜூன் ஏவுகணைப் பொய் எச்சரிக்கை, ஒரு நிகழ்வு ஆய்வு

ஏன் இந்த நிகழ்வு

1980 ஜூன் 3 அதிகாலையில் அமெரிக்காவின் அணு ஆயுதப் படைகள் சில நிமிடங்கள் போர் ஆயத்த நிலைக்குப் போயின. பி-52 குண்டுவீச்சு விமானங்களில் எஞ்சின்கள் ஓடிக்கொண்டிருக்க, உள்ளே விமானிகள் அடுத்த உத்தரவுக்காகக் காத்திருந்தார்கள். எந்த ஏவுகணையும் வரவில்லை. மூன்று நாள் கழித்து அதே எச்சரிக்கை மறுபடியும் வந்தது. அப்போதும் எதுவும் வரவில்லை. கடைசியில் குற்றவாளியாகப் பிடிபட்டது 46 சென்ட் விலையுள்ள ஒரு கணினி சிப்.

அணு ஆயுதப் பொய் எச்சரிக்கை என்றதும் பலருக்கும் நினைவுக்கு வருவது 1983 செப்டம்பர் 26. மாஸ்கோவுக்குத் தெற்கே செர்புகோவ்-15 நிலத்தடி மையத்தில் பணியிலிருந்த சோவியத் அதிகாரி ஒருவர், ஐந்து ஏவுகணைகள் வருகின்றன என்று கணினி சொன்னதை நம்ப மறுத்தார். அந்த மனிதர் மீது எனக்குப் பெருமதிப்பு உண்டு. ஆனால் பயிற்சிக்கு எடுத்துக்கொள்ள அதைவிடப் பயனுள்ளது 1980 நிகழ்வு என்று கருதுகிறேன். அங்கே எல்லாம் ஒருவரின் மனதுக்குள் நடந்து முடிந்தது. இங்கே நாடு முழுவதும் சிதறிக் கிடந்த பல அறைகளில், பெயர் வெளியே தெரியாத பலர், ஒருவரை ஒருவர் கேட்டு, ஒப்பிட்டுப் பார்த்து, படிப்படியாக உண்மைக்கு வந்து சேர்ந்தார்கள். ஒரு மனிதரின் துணிச்சலை நடைமுறைக் கையேட்டில் எழுதி வைக்க முடியாது. ஒரு தொலைபேசி அழைப்பை எழுதி வைக்க முடியும்.

இதில் வருபவர்கள் எல்லோரையும் அவர்கள் வகித்த பொறுப்பைக் கொண்டே குறிப்பிடுகிறேன்.

பின்னணி

அன்றைய ஏற்பாட்டில் இரண்டு வகைக் கண்கள் இருந்தன. ஏறத்தாழ 36,000 கிலோமீட்டர் உயரத்தில் நிலைகொண்டிருந்த செயற்கைக்கோள்கள், ஏவுகணை கிளம்பும்போது அதன் அடியில் எரியும் நெருப்பின் வெப்பத்தை அகச்சிவப்புக் கருவிகளால் பார்க்கும். சில நிமிடங்கள் கழித்து, அது வானில் ஏறி வரும்போது ராடார்கள் பிடிக்கும். கிரீன்லாந்தின் தூலே, அலாஸ்காவின் கிளியர், இங்கிலாந்தின் ஃபைலிங்டேல்ஸ் ஆகிய இடங்களில் பெரிய ராடார்கள் வடக்கு நோக்கி நின்றன. நீர்மூழ்கிக் கப்பல்களிலிருந்து வருபவற்றைக் கவனிக்கக் கடலோரங்களில் வேறு ராடார்கள் இருந்தன. வெப்பம் ஒரு சாட்சி, எதிரொலி இன்னொரு சாட்சி. ஒன்றை ஏமாற்றுவது மற்றொன்றை ஏமாற்றாது என்பதுதான் இந்த அமைப்பின் உயிர்நாடி. 1960 அக்டோபர் 5 அன்று தூலே ராடார், நார்வே பக்கம் உதித்த சந்திரனிலிருந்து திரும்பிய எதிரொலியை ஏவுகணைக் கூட்டமாக எண்ணிவிட்ட கதை இந்தத் துறையில் எல்லோருக்கும் தெரியும். ஒற்றைக் கண்ணை நம்பக் கூடாது என்ற பாடம் அப்போதே கிடைத்திருந்தது.

இந்தத் தகவல் எல்லாம் கொலராடோ மாநிலத்தில் செயென் மலைக்குள் குடைந்து கட்டிய மையத்துக்கு வந்து சேரும். வட அமெரிக்க வான் பாதுகாப்புக் கட்டளையகம், சுருக்கமாக நோராட், அங்கேதான் இயங்கியது. கருங்கல் மலை, ஒவ்வொன்றும் 25 டன் எடையுள்ள எஃகுக் கதவுகள், பெரிய சுருள்வில்களின் மேல் நிற்கும் கட்டடங்கள். வந்த தகவலை நோராட் பிரித்துப் பார்த்து, சுருக்கி, மற்ற கட்டளை மையங்களுக்குத் தகவல்தொடர்புக் கணினி வழியே அனுப்பும். பெற்றுக்கொள்ளும் இடங்களில் இரண்டு இந்த நிகழ்வுக்கு முக்கியம். ஒன்று, நெப்ராஸ்காவில் ஒமாஹா நகரை அடுத்த ஆஃபட் விமானப்படைத் தளம். குண்டுவீச்சு விமானங்களையும் தரையிலிருந்து பாயும் ஏவுகணைகளையும் கையில் வைத்திருந்த வியூக வான்படைக் கட்டளையகத்தின் தலைமையிடம் அது. மற்றொன்று, அமெரிக்கப் பாதுகாப்புத் துறையின் தலைமையகமான பென்டகனில் இருந்த தேசிய இராணுவக் கட்டளை மையம்.

யோசிப்பதற்கு இருந்த நேரம் மிகக் குறைவு. சோவியத் மண்ணிலிருந்து கிளம்பும் கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணை வந்து விழ ஏறத்தாழ அரை மணி நேரமாகும். கரைக்கு அருகில் பதுங்கிய நீர்மூழ்கிக் கப்பலிலிருந்து கிளம்பினால், பத்து நிமிடத்துக்குள்ளேயே வந்துவிடலாம். அந்த நேரத்துக்குள் கண்டறிவது, சரிபார்ப்பது, அதிபரை எழுப்புவது, முடிவெடுப்பது, உத்தரவு போய்ச் சேர்வது எல்லாம் நடந்தாக வேண்டும்.

சரிபார்ப்புக்கு மூன்று படிகள் வகுக்கப்பட்டிருந்தன. ஐயத்துக்குரிய தகவல் வந்தால், பணியிலிருக்கும் அதிகாரிகள் தொலைபேசி வழியே கூடும் முதற்கட்டக் கலந்தாய்வு. அதில் தெளியவில்லை என்றால், உயர்நிலைத் தளபதிகளையும் இழுத்துவரும் அச்சுறுத்தல் மதிப்பீட்டுக் கலந்தாய்வு. தாக்குதல்தான் என்று தோன்றினால், அதிபர் வரை போகும் மூன்றாவது கலந்தாய்வு. முதற்படி அன்றாடச் சங்கதி. 1979 ஜனவரி முதல் 1980 ஜூன் வரையிலான 18 மாதங்களில் 3,703 எச்சரிக்கைகள் வந்தன என்றும், அவற்றில் 147 எச்சரிக்கைகள் தாக்குதலாக இருக்குமோ என்று மதிப்பிட வேண்டிய அளவுக்குப் போயின என்றும் அமெரிக்க செனட் பின்னர் வெளியிட்ட அறிக்கை சொல்கிறது. இந்த எண்களுக்கு இரண்டு முகங்கள் உண்டு. பணியாளர்களுக்குச் சரிபார்க்கும் பழக்கம் கைவந்திருந்தது என்பது ஒன்று. புலி வருது கதை அவர்களுக்குள் எந்த அளவுக்கு வேலை செய்திருக்கும் என்ற கவலை மற்றொன்று.

ஏழு மாதங்களுக்கு முன்பு, 1979 நவம்பர் 9 அன்று, பெரிய பொய் எச்சரிக்கை ஒன்று வந்து போயிருந்தது. முழு அளவிலான சோவியத் தாக்குதலைப் போலச் சித்தரிக்கும் சோதனைத் தரவு, நோராட்டின் நடப்புக் கணினிக்குள் நுழைந்து, உண்மையான திரைகளில் ஓடியது. இடைமறிப்புப் போர் விமானங்கள் கிளம்பின. அவசர காலத்தில் அதிபர் ஏறிக்கொள்ள வேண்டிய கட்டளை விமானம் அதிபர் இல்லாமலேயே பறந்தது. ராடார்களையும் செயற்கைக்கோள்களையும் நேரடியாகக் கேட்டபோது அவை எதையும் பார்க்கவில்லை என்று தெரிந்து ஆயத்தம் கைவிடப்பட்டது. செய்தி வெளியானதும் சோவியத் தலைவர் பிரெஷ்னேவ், அதிபர் கார்ட்டருக்குக் கவலை தெரிவித்துச் செய்தி அனுப்பினார்.

அதன் பிறகு உலகச் சூழல் இன்னும் கெட்டது. 1979 டிசம்பரில் சோவியத் படைகள் ஆப்கானிஸ்தானுக்குள் புகுந்தன. ஆயுதக் கட்டுப்பாட்டு ஒப்பந்தம் செனட்டில் முடங்கியது. மாஸ்கோ ஒலிம்பிக்ஸை அமெரிக்கா புறக்கணிக்க முடிவு செய்திருந்தது. ஜூன் 3 அன்று திரையைப் பார்த்தவர்களின் மனதில் இவையெல்லாம் இருந்தன என்பதை மறக்கக் கூடாது.

ஜூன் 3: நடந்தது

வாஷிங்டனில் அதிகாலை 2:26. ஆஃபட் தளத்தில் 1:26. செயென் மலையில் நள்ளிரவு கடந்து 26 நிமிடம். ஹவாயில் அப்போது ஜூன் 2 இரவு எட்டரை மணிகூட ஆகவில்லை.

ஆஃபட் கட்டளை அறையின் எச்சரிக்கைத் திரையில், நீர்மூழ்கிக் கப்பலிலிருந்து ஏவப்பட்ட இரண்டு ஏவுகணைகள் அமெரிக்காவை நோக்கி வருவதாகத் தகவல் தோன்றியது. பதினெட்டு விநாடிகளில் எண்ணிக்கை கூடியது.

அங்கிருந்தவர்கள் நோராட்டைத் தொலைபேசியில் அழைத்தார்கள். எங்களிடம் தாக்குதலுக்கான அறிகுறி எதுவும் இல்லை என்று நோராட் பதில் சொன்னது. சிறிது நேரத்தில் ஆஃபட் திரை தானாகவே சுத்தமானது. மூச்சு விடுவதற்குள் மறுபடியும் எண்கள். இம்முறை சோவியத் ஒன்றியத்திலிருந்து கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணைகள் கிளம்பியிருப்பதாகத் திரை சொன்னது. அதைத் தொடர்ந்து பென்டகன் மையத்தின் திரையும் விழித்துக்கொண்டது. ஆனால் அது காட்டியது நீர்மூழ்கிக் கப்பல் ஏவுகணைகளை.

ஆஃபட் பணிநேரக் கட்டுப்பாட்டாளர், தயார் நிலையிலிருந்த விமானக் குழுவினர் அனைவரையும் விமானங்களுக்கு ஓடிப்போய் எஞ்சின்களை இயக்கச் சொன்னார். ஒவ்வொரு பி-52 விமானத்துக்கும் எட்டு எஞ்சின்கள். ஓடுபாதையை ஒட்டிய கட்டடங்களில் நாள்கணக்கில் தங்கியிருந்து இந்த ஓட்டத்துக்காகவே பயிற்சி பெற்றவர்கள் அவர்கள். இது பயிற்சியா, நிஜமா என்பது ஓடும்போது அவர்களுக்குத் தெரியாது. நிலத்தடி ஏவுகணைக் குழுவினரின் தயார் நிலையும் உயர்த்தப்பட்டது. வான்வழிக் கட்டளை விமானங்கள் பறக்கத் தயாராயின. அவற்றில் ஒன்று, பசிபிக் கட்டளையகத்தின் விமானம், ஹவாயிலிருந்து கிளம்பியே விட்டது.

பென்டகனின் பணி அதிகாரி முதற்கட்டக் கலந்தாய்வைக் கூட்டினார். அது தெளிவைத் தராததால், இரண்டாம் படியான அச்சுறுத்தல் மதிப்பீட்டுக் கலந்தாய்வுக்குப் போனார்கள். அதற்குள் இது கருவிக் கோளாறு என்ற நம்பிக்கை வலுத்துவிட்டது. ஆயத்தம் விலக்கிக்கொள்ளப்பட்டது. குண்டுவீச்சு விமானங்கள் தரையை விட்டு எழவில்லை. மூன்றாவது படியை யாரும் தொடவில்லை.

எதைக் கண்டார்கள், எதை நம்பினார்கள்

அன்று எண்ணிக்கை பெரியதா, சிறியதா என்பது யாருக்கும் உதவவில்லை. சிறிய எண் என்றால் கட்டளைத் தலைமையை மட்டும் வெட்டிச் சாய்க்கும் முதல் அடியாக இருக்கலாம். பெரிய எண் என்றால் முழுப் போர். இரண்டுக்கும் காரணம் கற்பிக்க முடியும். உதவியது எண்கள் நடந்துகொண்ட விதம்.

உண்மையான தாக்குதலுக்கு ஒரு போக்கு உண்டு. முதலில் செயற்கைக்கோள் வெப்பத்தைப் பார்க்கும். எண்ணிக்கை ஏறும், ஏறியது இறங்காது. பிறகு ராடார் ஒவ்வொன்றாகப் பிடிக்கத் தொடங்கும். எங்கிருந்து கிளம்பியது, எங்கே விழும் என்ற விவரம் நிமிடத்துக்கு நிமிடம் தெளிவாகும். அன்று திரையில் தெரிந்தது இதற்கு நேர்மாறு. எண்கள் வந்தன, மறைந்தன, வேறு எண்களாக வந்தன. கடலிலிருந்து வந்த ஏவுகணைகள் திடீரென்று நிலத்திலிருந்து வருபவை ஆயின. ஒரே நேரத்தில் இரண்டு கட்டளை மையங்கள் இரண்டு வேறு போர்களைப் பார்த்துக்கொண்டிருந்தன. இத்தனைக்கும் இரண்டுக்கும் தகவல் போன ஊற்று ஒன்றே, நோராட். அந்த நோராட்டின் சொந்தத் திரைகளில் எதுவும் இல்லை.

என் பார்வையில் இந்த நிகழ்வின் மையம் இதுதான். ஆஃபட் அறையில் இருந்தவர் தன் திரையை இன்னும் உற்றுப் பார்த்து உண்மையைக் கண்டுபிடித்திருக்க முடியாது. பார்க்கப் பார்க்க எண்கள்தான் கூடியிருக்கும். திரையிலிருந்து கண்ணை எடுத்து, தொலைபேசியை எடுத்து, ‘உங்களுக்கு என்ன தெரிகிறது?’ என்று ஊற்றுக்கண்ணில் இருந்தவரைக் கேட்டபோதுதான் ஐயம் பிறந்தது. நோராட் பக்கமும் தங்கள் திரையை மட்டும் நம்பிப் பதில் சொல்லவில்லை. ராடார் தளங்களிலும் செயற்கைக்கோள் தரவிலும் ஏதாவது பதிவாகியிருக்கிறதா என்று பார்த்தார்கள். எந்தக் கருவியும் எதையும் பார்த்திருக்கவில்லை.

எடுத்த முடிவுகளும் அவற்றின் நியாயமும்

ஆஃபட் கட்டுப்பாட்டாளர் ஒரே மூச்சில் இரண்டு வேலைகளைச் செய்தார். தகவலைச் சந்தேகித்தார். அது உண்மையாக இருந்துவிட்டால் என்ன ஆகும் என்பதற்கும் ஏற்பாடு செய்தார். நோராட் ‘ஒன்றும் இல்லை’ என்று சொன்ன பிறகும் எஞ்சின்களை இயக்கச் சொன்னதைப் பதற்றம் என்று எழுதுபவர்கள் உண்டு. நான் அப்படிப் பார்க்கவில்லை. தரையில் நிற்கும் விமானம் சில நிமிடங்களில் சாம்பலாகக் கூடியது. எஞ்சினை இயக்கினால், தேவைப்பட்டால் தப்பிக்கலாம், தேவையில்லை என்றால் நிறுத்திவிடலாம். எரிபொருள் செலவைத் தவிர நட்டமில்லை. திரும்பப் பெறக்கூடிய அடியை உடனே எடுத்துவைத்து, திரும்பப் பெற முடியாததை நிறுத்திவைத்தார். இருட்டில் எடுத்த முடிவாக இருந்தாலும் அதில் தெளிவு இருக்கிறது.

குண்டுவீச்சு விமானங்களைப் பறக்கவிடாததும் இதே கணக்கில்தான் அடங்கும். அவற்றை மேலே அனுப்பித் திருப்பி அழைக்க வழி இருந்தது. ஆனால் மேலே எழும் விமானத்தை நாம் மட்டும் பார்ப்பதில்லை. எதிர்த்தரப்பும் பார்க்கிறது. அவர்களுடைய கட்டளை அறையில் இருப்பவர், அமெரிக்கர்கள் ஏன் இந்த நேரத்தில் விமானங்களைக் கிளப்புகிறார்கள் என்று கேட்கத் தொடங்கினால், நம் பொய் எச்சரிக்கை அங்கே மெய் எச்சரிக்கையாகிவிடும்.

இந்த அளவுகோலில் பார்த்தால் எனக்குச் சங்கடம் தருவது ஹவாய் விமானம். ஆயத்தமாக நிற்பதோடு நிற்காமல் அது வானில் ஏறிவிட்டது. அதன் குழுவினரைக் குறை சொல்ல வரவில்லை. தயங்கினால் அழிவு என்றுதான் அவர்களுக்குக் கற்பிக்கப்பட்டிருந்தது. தகவல் எவ்வளவு உறுதியானது என்பது, உத்தரவு போன வேகத்தில் அவர்களிடம் போய்ச் சேரவில்லை என்பதுதான் இங்கே கவனிக்க வேண்டியது. ஐயம் மையத்தில் இருந்தது. செயல் விளிம்பில் நடந்தது.

பென்டகன் அதிகாரி கலந்தாய்வை இரண்டாம் படிக்கு உயர்த்தியது சரியான முடிவு. படி உயர்ந்தால் மேலும் பல காதுகளும் மேலும் பல கேள்விகளும் வந்து சேரும். ஆனால் உயர்ந்த படிக்குத் தனக்கென்று ஓர் ஈர்ப்பும் உண்டு. இவ்வளவு பேரை எழுப்பியாயிற்று, அப்படியானால் விஷயம் பெரிதாகத்தான் இருக்க வேண்டும் என்று மனம் சொல்லத் தொடங்கும். அன்று அந்த ஈர்ப்புக்கு யாரும் ஆட்படவில்லை. நோராட் தன் மதிப்பீட்டில் உறுதியாக நின்றது அதற்கு முக்கியக் காரணம்.

மூன்று நாள் காத்திருப்பு

கோளாறு என்று தெரிந்தது. எங்கே என்று தெரியவில்லை. வந்து வந்து மறையும் கோளாறு எந்த இயந்திரத்திலும் மெக்கானிக்கைத் திணறடிக்கும். கழற்றிப் பார்க்கும்போது எல்லாம் ஒழுங்காக ஓடும், மூடி வைத்ததும் மறுபடியும் தகராறு செய்யும்.

பொறியாளர்கள் கடினமான முடிவு ஒன்றை எடுத்தார்கள். அமைப்பை அதே நிலையில், எதையும் மாற்றாமல், தொடர்ந்து ஓடவிடுவது. கோளாறு மறுபடியும் வந்தால் அதைக் கையும் களவுமாகப் பிடிக்கலாம். ஜூன் 6 பிற்பகல், வாஷிங்டன் நேரம் 3:38 மணிக்கு, அது வந்தது. ஆஃபட் திரையில் மறுபடியும் ஏவுகணைகள். விமானக் குழுவினர் மறுபடியும் ஓடினார்கள், எஞ்சின்களை இயக்கினார்கள். இதுவும் பொய் என்று விரைவில் தெளிந்தது. நோராட் மாற்றுக் கணினிக்கு மாறிக்கொண்டு, பழுதான பகுதியைத் தனியே பிரித்து ஆராயத் தொடங்கியது.

இந்த முடிவை என்னால் முழு மனதோடு ஆதரிக்கவும் முடியவில்லை, ஒதுக்கவும் முடியவில்லை. காரணம் தெரியாமல் கணினியை மாற்றியிருந்தால், அந்தக் கோளாறு வேறொரு நாளில், இன்னும் மோசமான நெருக்கடிக்கு நடுவில் தலைகாட்டியிருக்கலாம். ஆனால் அந்த மூன்று நாட்களில் ஓர் அபாயம் ஒளிந்திருந்தது. பொய் சொல்லும் என்று தெரிந்த கருவியையே மெய்யான காவலுக்கும் நம்பியிருந்தார்கள். ஜூன் 5 அன்று மெய்யாகவே ஏதாவது வந்திருந்தால், திரையைப் பார்த்தவர் அதையும் பழைய கோளாறு என்று எண்ணியிருக்க மாட்டாரா? ஆஃபட் பணியாளர்கள் ஜூன் 6 அன்றும் எஞ்சின்களை இயக்கினார்கள் என்பது, அலட்சியம் அவர்களைத் தொடவில்லை என்பதற்குச் சான்று. எவ்வளவு நாள் தொடாமல் இருந்திருக்கும் என்பது வேறு கேள்வி.

காரணம்

நோராட்டிலிருந்து மற்ற மையங்களுக்குச் செல்லும் இணைப்பு உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க, இடைவிடாமல் ஒரு நிரப்புச் செய்தி அனுப்பப்பட்டு வந்தது. அந்தச் செய்தியின் வார்ப்பு, உண்மையான தாக்குதல் செய்தியின் வார்ப்பேதான். கண்டறியப்பட்ட ஏவுகணைகளின் எண்ணிக்கை வர வேண்டிய கட்டங்களில் மட்டும் பூஜ்ஜியங்கள் இருக்கும். இரவும் பகலும், 000, 000 என்று அது போய்க்கொண்டிருக்கும்.

தகவல்தொடர்புக் கணினியில் ஒரு சிப் பழுதானது. சில பூஜ்ஜியங்கள் இருந்த இடத்தில் 2 விழத் தொடங்கியது. 000 என்பது 002 ஆனது, 200 ஆனது, 220 ஆனது. கணினி எண்களை எழுதும் இரும முறையில் 0-வுக்கும் 2-க்கும் நடுவே ஒரே ஓர் இலக்கம்தான் வேறுபடும். எந்தக் கட்டத்தில், எந்த மையத்துக்குப் போகும் செய்தியில் 2 விழும் என்பதற்கு ஒழுங்கு எதுவும் இல்லை. ஆஃபட்டும் பென்டகனும் வேறு வேறு போர்களைப் பார்த்ததன் காரணம் இதுதான்.

தபால் ஒழுங்காகப் போகிறதா என்று பார்க்க, கையெழுத்திட்ட காசோலை ஒன்றில் தொகை இடத்தில் பூஜ்ஜியங்களைப் போட்டு நாள்தோறும் அனுப்புகிறோம் என்று வைத்துக்கொள்வோம். வெறும் உறையை அனுப்பினால் போதும் என்று யாருக்கும் தோன்றவில்லை. ஒருநாள் மை சிந்திப் பூஜ்ஜியம் ஒன்று வேறு எண்ணாகத் தெரிகிறது. வங்கியில் இருப்பவருக்கு அது முறையான காசோலை. அவர் மீது தவறில்லை.

சிப்பின் விலையைச் சொல்லி வியப்பது எளிது. பத்திரிகைகளும் அப்போது அதைத்தான் செய்தன. சிப் எப்போதாவது பழுதாகத்தான் செய்யும், நூறு டாலர் கொடுத்து வாங்கினாலும் பழுதாகும். வெளியே போகும் செய்தி, உள்ளே வந்த கருவித் தரவோடு பொருந்துகிறதா என்று கடைசியாக ஒருமுறை ஒப்பிட்டுப் பார்க்கும் ஏற்பாடு இல்லாததே என் கண்ணில் பெரிய தவறு. செய்தி வழியில் சிதைந்ததா என்று கண்டறியும் பிழைகாண் முறைகள் அந்தக் காலத்துக்குப் புதியவை அல்ல. வணிகத் தகவல்தொடர்பிலேயே அவை வழக்கத்தில் இருந்தன.

பின்னர் நடந்தவை

நிரப்புச் செய்தியின் வார்ப்பு மாற்றப்பட்டது. இணைப்பின் நிலையை மட்டும் சொல்லும், ஏவுகணை எண்ணிக்கைக்கு இடமே இல்லாத செய்தியாக அது ஆனது. பிழை கண்டறியும் முறைகள் சேர்க்கப்பட்டன. தான் அனுப்புவது மறுமுனையில் எப்படித் தெரிகிறது என்று நோராட் கண்காணிக்க வழி செய்யப்பட்டது. நவம்பர் சம்பவத்தின் விளைவாக, சோதனை வேலைகளை நடப்புக் கணினியிலிருந்து பிரித்து மலைக்கு வெளியே தனி மையத்தில் நடத்தும் ஏற்பாடும் வந்தது.

1980 அக்டோபரில் செனட்டின் ஆயுதப்படைக் குழுவுக்கான அறிக்கை வெளியானது. கட்சி வேறுபாடின்றி இரண்டு செனட்டர்கள் சேர்ந்து தயாரித்தது அது. 1981இல் நாடாளுமன்றத்தின் கணக்காய்வு அலுவலகம் தனியே ஆராய்ந்து, நோராட்டின் வேலைக்குப் பொருந்தாத கணினிகளைப் பொதுத் தரம் என்ற பெயரில் அதன் தலையில் கட்டியதைக் கடுமையாகச் சாடியது. இந்த இரண்டு அறிக்கைகளும் பொதுவெளிக்கு வந்ததால்தான் நம்மால் இன்று இதைக் கற்க முடிகிறது. செர்புகோவ்-15 நிகழ்வு வெளியே தெரியச் சோவியத் ஒன்றியமே கலைய வேண்டியிருந்தது. அங்கே மேகங்களின் மேல் பட்டுத் தெறித்த சூரிய ஒளியைச் செயற்கைக்கோள் நெருப்பு என்று எண்ணியிருந்தது.

எதை மாற்றுவேன்

அன்று பணியிலிருந்தவர்கள் செய்ததில் பெரும்பகுதியை மாற்ற மாட்டேன். மாற்ற வேண்டியது அவர்களைச் சுற்றி இருந்த ஏற்பாடு.

‘எல்லாம் நலம்’ என்று சொல்லும் செய்தியும் ‘தாக்குதல்’ என்று சொல்லும் செய்தியும் ஓரிலக்கத் தூரத்தில் இருக்கவே கூடாது. இதை எச்சரிக்கை அமைப்பு எதற்கும் பொருந்தும் விதியாகவே வைப்பேன், அது அணு உலையாக இருந்தாலும் அணையின் மதகாக இருந்தாலும்.

எண்ணைப் பார்ப்பவரிடம் அதன் ஊற்றையும் பார்க்க வழி இருக்க வேண்டும். திரையில் 200 என்று தெரிந்தால், அதை எந்தச் செயற்கைக்கோள் சொன்னது, எந்த ராடார் உறுதிப்படுத்தியது என்பதும் அதே திரையில் தெரிய வேண்டும். ஆஃபட் அதிகாரிக்கு அன்று தொலைபேசி இருந்தது, மறுமுனையில் எடுக்க ஆள் இருந்தார். அந்த வாய்ப்பை அதிர்ஷ்டத்தின் கையில் விடக் கூடாது.

உத்தரவு போகும் வழியிலேயே அதன் நம்பகத்தன்மையும் போக வேண்டும். ‘ஆயத்தமாகு, தகவல் உறுதியாகவில்லை’ என்ற சொற்கள் ஹவாய் வரை போய்ச் சேர்ந்திருந்தால், அந்த விமானம் ஓடுபாதையின் முனையிலேயே நின்றிருக்கலாம்.

நேரமும் ஒரு கருவி. ஆஃபட் கட்டுப்பாட்டாளருக்குக் கேட்பதற்குச் சில நிமிடங்கள் இருந்தன. எச்சரிக்கை வந்தவுடனே ஏவு என்ற கொள்கை அந்த நிமிடங்களைத் தின்றுவிடும். ஏவுகணைகளின் வேகம் கூடிக்கொண்டே போகும்போது, படைகளை அடிபட்ட பிறகும் பதில் சொல்லக்கூடிய நிலையில் வைப்பதுதான், பணியிலிருப்பவருக்குத் தொலைபேசியை எடுக்க அவகாசம் தரும். இதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

கடைசியாக, மறுதரப்போடு பேசும் வழி. 1971இலேயே இரு நாடுகளும், எச்சரிக்கை அமைப்புகளில் இனம் தெரியாத பொருள் தென்பட்டால் ஒருவருக்கொருவர் தெரிவிப்பதாக ஒப்பந்தம் செய்திருந்தன. 1999 முடிந்து 2000 பிறந்த இரவில், கணினிகளின் ஆண்டு மாற்றக் கோளாறுக்கு அஞ்சி, ரஷ்ய அதிகாரிகளும் அமெரிக்க அதிகாரிகளும் செயென் மலைக்கு அருகிலேயே உள்ள பீட்டர்சன் விமானப்படைத் தளத்தில் ஒரே அறையில் அமர்ந்து ஒரே திரையைப் பார்த்தார்கள். அதை நிரந்தரமாக்க, 2000 ஜூன் 4 அன்று, இந்த நிகழ்வுக்கு இருபது ஆண்டுகளும் ஒரு நாளும் கழித்து, இரு அதிபர்களும் மாஸ்கோவில் கையெழுத்திட்டார்கள். இரு தரப்பு எச்சரிக்கைத் தகவல்களையும் ஒரே இடத்தில் ஒப்பிடும் கூட்டு மையம் மாஸ்கோவில் அமைய வேண்டும். அந்த மையம் இயங்கத் தொடங்கவே இல்லை.